தரங்கம்பாடிக்குச் சென்ற புகைவண்டி

மாயூரம் என்று நம் முந்தைய தலைமுறையினர் வழங்கிய ஊர், 1982-ஆம் ஆண்டில் மயிலாடுதுறை என்னும் தன் பழம்பெயரை மீண்டும் பெற்றது. 2020-இல் ஒரு மாவட்டத்தின் தலைநகராகவும் உயர்ந்தது. ஆயினும் அவ்வூர்ப் புகைவண்டிச் சந்திப்பை அறிந்த முதியவர்கள் உள்ளத்தில் ஒரு குறை மட்டும் நீங்கவில்லை. அச்சந்திப்பிலிருந்து ஒரு காலத்தில் நான்கு திசைகளிலும் இருப்புப்பாதைகள் பிரிந்து சென்றன. வடக்கே சிதம்பரம் வழியாகச் சென்னைக்கு ஒன்று. மேற்கே கும்பகோணம் வழியாகத் தஞ்சைக்கு ஒன்று. தெற்கே திருவாரூருக்கு ஒன்று. இம்மூன்றும் அகலப் பாதைகளாக மாறி இன்றும் உள்ளன. கிழக்கே கடலை நோக்கிச் சென்ற நான்காவது பாதைதான் இல்லை. ஏறக்குறைய முப்பது கிலோமீட்டர் நீளமுள்ள அம்மீட்டர் பாதை 1926-ஆம் ஆண்டு திறக்கப்பட்டு, 1986-ஆம் ஆண்டு மூடப்பட்டது. அதன் கடைசி நிலையம் தரங்கம்பாடி.

சென்ற தை மாதத்தில் ஒரு நாள் என் தமக்கையார் என்னை அழைத்து, "தம்பி, தரங்கம்பாடி ஸ்டேஷனை ஒருமுறை பார்த்துவிட்டு வர வேண்டும். என்னை அழைத்துப் போவாயா?" என்று கேட்டார்கள். அவர்களுக்கு எழுபது வயது கடந்துவிட்டது. முப்பது ஆண்டுகளுக்கு மேல் ஆசிரியைப் பணியாற்றி ஓய்வு பெற்றவர்கள். கோட்டையைப் பார்க்க வேண்டும் என்றோ, கடற்கரையைப் பார்க்க வேண்டும் என்றோ கேட்டிருந்தால் வியப்பில்லை. புகைவண்டியே போகாத ஊரில் புகைவண்டி நிலையத்தைப் பார்க்க விரும்பியதுதான் எனக்குப் புதுமையாக இருந்தது. காரணம் கேட்டேன். "அங்கே போய்ச் சொல்கிறேன்" என்றார்கள்.

மயிலாடுதுறையில் பேருந்து ஏறினோம். சாலை பழைய பாதையின் ஊர்களையெல்லாம் ஒன்றொன்றாகத் தொட்டுச் செல்கிறது. மன்னம்பந்தல், செம்பனார்கோயில், ஆக்கூர், திருக்கடையூர், தில்லையாடி, பொறையாறு என்று அக்கா சன்னலோரம் அமர்ந்து ஊர்ப்பெயர்களைச் சொல்லிக்கொண்டே வந்தார்கள். புகைவண்டியிலும் அதே வரிசையில்தான் அவற்றைச் சொல்லிக்கொண்டு போவோம். இடையிடையே வயல் நடுவே நேர்கோடாக ஓடும் ஒரு மேடு கண்ணில் படும். அது வரப்பா, பழைய பாதையா என்று இருவரும் வாதிட்டோம். பாதி இடங்களில் எனக்கும் உறுதியில்லை, அவர்களுக்கும் உறுதியில்லை.

சிறு கிளைப்பாதை என்று இதனை எளிதாக எண்ணிவிடலாகாது. இது தொட்டுச் சென்ற ஊர்களின் வரலாறு பெரிது. தில்லையாடியை எடுத்துக்கொள்வோம். தென்னாப்பிரிக்காவில் காந்தியடிகள் நடத்திய அறப்போரில் சிறை சென்று, நோயுற்று, 1914-ஆம் ஆண்டு பதினாறே வயதில் உயிர்நீத்த வள்ளியம்மையின் பெற்றோர்க்கு அதுவே சொந்த ஊர். தாயகம் திரும்பிய காந்தியடிகள் 1915-ஆம் ஆண்டு அவ்வூருக்கு நேரில் வந்து சென்றார். அப்போது இப்பாதை போடப்படவில்லை. திருக்கடையூரோ, அறுபது வயது நிறைந்த இந்து சகோதரர்கள் நீண்ட ஆயுள் வேண்டி மணிவிழாச் செய்துகொள்ளும் தலம். 1926-இல் பிறந்த இப்பாதை அத்தலத்தைத் தொட்டுக்கொண்டே அறுபது ஆண்டுகள் ஓடி, சரியாகத் தன் அறுபதாம் ஆண்டில் மாண்டுபோயிற்று. இதை அக்காவிடம் சொன்னபோது, "மணிவிழாவுக்கு யாரும் ஏற்பாடு செய்யவில்லை போலிருக்கிறது" என்றார்கள்.

தரங்கம்பாடியின் கதை அதனினும் விந்தையானது. 1620-ஆம் ஆண்டு டென்மார்க்கு நாட்டிலிருந்து ஓவ கியெத்தெ என்னும் கடற்படைத் தலைவர் வந்து, தஞ்சை இரகுநாத நாயக்கரோடு உடன்படிக்கை செய்துகொண்டு அங்கே வாணிகம் தொடங்க உரிமை பெற்றார். டான்ஸ்பர்க் கோட்டை எழுந்தது. 1706-ஆம் ஆண்டு சீகன்பால்கும் புளுட்சோவும் அங்கே வந்திறங்கினர். லுத்தரன் சபையின் மறைப்பணி அவர்களோடு தொடங்கிற்று. அச்சு இயந்திரம் வந்தது; 1715-க்குள் புதிய ஏற்பாடு தமிழில் அச்சாகி முடிந்தது. அச்சிடுவதற்குத் தாள் போதாமையால் அருகிலுள்ள பொறையாற்றில் காகிதப் பட்டறையையே நிறுவினார்கள். அங்குள்ள ஓரிடத்துக்குக் கடுதாசிப்பட்டறை என்ற பெயர் அதனால் வழங்கலாயிற்று. நம் வீரமாமுனிவர் தரங்கைக் குருமாரை மறுத்து நூல்கள் எழுதியதும், இரு சாராரும் கடுமையாக வாதிட்டதும் வாசகர்கள் அறிந்ததே. அந்த வாதங்களின் சூடு இன்று தணிந்துவிட்டது. அவற்றால் தமிழ் உரைநடை பெற்ற வளம் நிலைத்துவிட்டது.

1845-ஆம் ஆண்டு டென்மார்க்கு அரசர் தரங்கம்பாடியையும் வங்காளத்துச் சிராம்பூரையும் சேர்த்துப் பன்னிரண்டரை இலட்சம் ரூபாய்க்கு ஆங்கிலேயரிடம் விற்றுவிட்டார். ஆங்கிலேயர் ஆட்சியில் அது சில காலம் தஞ்சை மாவட்டத்தின் தலைமையிடமாகவும் விளங்கிற்று. அவ்வூர் நீதிமன்றத்தில் முன்சீப்பாகப் பணியாற்றியவர்களுள் நம் கத்தோலிக்கத் திருச்சபையைச் சேர்ந்த வேதநாயகம் பிள்ளையும் ஒருவர். பின்னர் மாயூரத்தில் முன்சீப்பாக அமர்ந்து, 1879-இல் 'பிரதாப முதலியார் சரித்திரம்' என்னும் தமிழின் முதல் நாவலை வெளியிட்டார். பெண்கள் கல்வி கற்க வேண்டும் என்று பலரும் முகம் சுளித்த காலத்தில் அதற்காகவே நூல் எழுதியவர் அவர். 1889-இல் மறைந்துவிட்டமையால் இப்புகைவண்டியில் அவர் ஏறியதில்லை. ஆனால் இப்பாதையின் இரு முனைகளிலும் நீதி வழங்கியவர் அவர்.

இனி, பெரிய துறைமுகமாக விளங்கிய ஊர் சிறுத்துப்போனது எதனால்? புகைவண்டியால்தான் என்றால் நம்புவீர்களா? 1861-ஆம் ஆண்டு நாகப்பட்டினத்திலிருந்து தஞ்சைக்கு இருப்புப்பாதை போடப்பட்டது. நெல்லும் துணியும் எளிதாகக் கப்பலேறும் இடம் எதுவோ அங்கேதான் வணிகர் போவர். நாகை வளர்ந்தது, அதற்கு வடக்கே ஒரு நாள் வண்டிப் பயணத்தில் இருந்த தரங்கம்பாடித் துறை வெறிச்சோடியது. கப்பல்கள் நின்றன, வணிகர் பெயர்ந்தனர், பெரிய வீடுகள் பூட்டிக் கிடந்தன. இருப்புப்பாதை வராததால் நலிந்த ஊருக்கு, அறுபத்தைந்து ஆண்டுகள் கழித்து இருப்புப்பாதை வந்தது. வந்தபோது ஏற்றிச் செல்லத் துறைமுகச் சரக்கு இல்லை. கோட்டைச் சுவரை அலை அரித்துக்கொண்டிருந்தது.

தஞ்சைத் தரணியில் கிளைப்பாதைகள் போடுவதில் மக்களுக்கு இருந்த ஆர்வம் தனியானது. 1894-ஆம் ஆண்டிலேயே தஞ்சை மாவட்ட போர்டு, நிலவரியோடு சேர்த்து மக்களிடம் திரட்டிய பணத்தைக்கொண்டு மாயூரத்திலிருந்து முத்துப்பேட்டைக்குப் பாதை அமைத்துக்கொண்டது. காவிரிக் கழிமுகத்தில் ஆறும் வாய்க்காலும் குறுக்கிடாத நிலமே இல்லை. மழைக்காலத்தில் மாட்டுவண்டி சேற்றில் புதைந்து நிற்கும். அந்நாளில் தண்டவாளம் ஒன்றே நனையாத சாலை. தரங்கம்பாடிப் பாதையும் அத்தகைய தேவையில் பிறந்ததே. ஆனால் அது பிறந்த வேளைதான் பொல்லாத வேளை. பாதை திறந்த அதே காலத்தில்தான் மோட்டார் பேருந்துகள் நம் சாலைகளில் பெருகத் தொடங்கின. பேருந்து ஊருக்குள் வந்து வாயிற்படியில் நிற்கும். புகைவண்டிக்கோ நாம் நடந்து செல்ல வேண்டும். இந்தப் போட்டியை ஆராய்ந்து மிட்செல், கர்க்னஸ் என்னும் இரு அதிகாரிகள் 1933-ஆம் ஆண்டிலேயே அறிக்கை அளிக்கும் அளவுக்கு நாடெங்கும் நிலைமை முற்றியிருந்தது. ஆக, இப்பாதை பாலூட்டும் பருவத்திலேயே நோய் கண்ட குழந்தை. அறுபது ஆண்டுகள் வாழ்ந்ததே வியப்பு.

எங்கள் குடும்பம் ஆக்கூருக்கு அருகே ஒரு சிற்றூரில் குத்தகை நிலம் பயிரிட்டு வாழ்ந்தது. அக்காவைத் தரங்கம்பாடியில் கன்னியர் நடத்திய விடுதியில் சேர்த்திருந்தார்கள். அது 1960களின் நடுப்பகுதி. மாதத்தின் முதல் ஞாயிறன்று திருப்பலி முடிந்ததும் அப்பா என்னை அழைத்துக்கொண்டு அக்காவைப் பார்க்கப் புறப்படுவார். அம்மா பொரிவிளங்காய் உருண்டையை ஒரு தூக்கில் போட்டுக் கொடுப்பார்கள். அதில் இரண்டு வழியிலேயே குறைந்துவிடும் என்பதை அறிந்து இரண்டு கூடுதலாகவே வைப்பார்கள்.

ஆக்கூர் நிலையத்தில் நின்று மேற்கே பார்த்தால் முதலில் கைகாட்டி இறங்கும். அதன் பின் தண்டவாளத்தில் காதை வைத்துக் கேட்பேன். அப்பா முதுகில் ஒன்று வைப்பார். கரிப்புகை கக்கிக்கொண்டு எஞ்சின் வரும். மீட்டர் பாதை வண்டியின் பெட்டிகள் சிறியவை. எதிர் இருக்கையில் உள்ளவர் முழங்கால் நம் முழங்காலில் இடிக்கும். காலையில் கிழக்கிலிருந்து வரும் வண்டியில் மீன்கூடைகளோடு கடற்கரைப் பெண்கள் வருவர் என்பதால், அவர்கள் இறங்கிய பின்னும் பெட்டியில் அந்த வாசனை நிலைத்திருக்கும். மேற்கிலிருந்து போகும் வண்டியில் வெற்றிலைக்கட்டு, வாழைத்தார், பள்ளிப் பிள்ளைகள், நீதிமன்றக் கட்டோடு ஒரு குமாஸ்தா. அட்டைச் சீட்டைக் கையில் கெட்டியாகப் பிடித்திருப்பேன். வியர்வையில் அது ஊறிப் பருத்துவிடும். தில்லையாடி தாண்டியதும் காற்றில் உப்பு தெரியும். "கடல் வந்துவிட்டது" என்பார் அப்பா, ஒவ்வொரு முறையும், முதன்முறை சொல்வதுபோல.

தரங்கம்பாடியில் பாதை முடிந்துவிடும். வேறெங்கும் போக முடியாத நிலையத்துக்கென்று ஒரு தனி அமைதி உண்டு. எஞ்சினைக் கழற்றிப் பக்கத்துத் தண்டவாளம் வழியாக மறுமுனைக்குக் கொண்டுவந்து பூட்டுவார்கள். அதைப் பார்த்துவிட்டுத்தான் நான் நகர்வேன். அப்பா பொறுமையாகக் காத்திருப்பார். எழுதப் படிக்கத் தெரியாதவராயினும் இயந்திரம் எதையும் மரியாதையோடு பார்ப்பவர்.

நாங்கள் பேருந்திலிருந்து இறங்கியபோது நண்பகல் ஆகியிருந்தது. 1792-இல் கட்டிய வெள்ளை வாயிலைக் கடந்து கோட்டைப் பக்கம் சுற்றுலாக் கூட்டம் போய்க்கொண்டிருந்தது. 2004 டிசம்பர் 26-இல் ஆழிப்பேரலை அவ்வூரில் அத்தனை உயிர்களை வாரிச் சென்ற பிறகு, பழைய கட்டடங்கள் பலவற்றை அழகுறச் செப்பனிட்டிருக்கிறார்கள். டென்மார்க்கு நாட்டவர் கட்டிய வீடுகளைப் பார்க்க வழிகாட்டிப் பலகைகள் உள்ளன. புகைவண்டி நிலையத்துக்குப் பலகை இல்லை. தேநீர்க் கடை வாசலில் அமர்ந்திருந்த முதியவர் ஒருவரிடம் கேட்டோம். "எந்த ஸ்டேஷன், போலீஸ் ஸ்டேஷனா?" என்றார். "ரயில்வே ஸ்டேஷன், ஐயா" என்றேன். சற்று நேரம் எங்களை உற்றுப் பார்த்தார். "அங்கே போக உங்களுக்கு டிக்கெட் இருக்கா?" என்று கேட்டுவிட்டுத் தாமே சிரித்து, கைத்தடியால் மேற்கே காட்டினார்.

சீமைக்கருவேல் முள்ளை விலக்கிக்கொண்டு போனோம். தண்டவாளம் இல்லை, சிலிப்பர் கட்டை இல்லை. சுவர்கள் சில நின்றன. செங்கல் இடுக்குகளில் அரசங்கன்று வேரோடியிருந்தது. கூரை போன அறைக்குள் வெயில் நேராக இறங்கிற்று. ஆடுகள் நிழலில் படுத்திருந்தன. நடைமேடையின் விளிம்பு என்று நான் நினைத்த கல்வரிசை புல்லில் தொடங்கிப் புல்லிலேயே மறைந்தது. கோட்டைக்கு நானூறு வயது, அது நிற்கிறது. நிலையத்துக்கு நூறு வயதுகூட நிரம்பவில்லை. அது மண்ணோடு மண்ணாகிறது. பார்க்க வருகிறவர்கள் இருந்தால் கல்லும் நிற்கும் போலும்.

அக்கா ஓரிடத்தில் நின்று, "இங்கேதான் பெஞ்சு இருந்தது. நீ அதில்தான் தூங்கினாய்" என்றார்கள்.

எனக்கு நினைவு வந்தது. ஒரு கார்த்திகை மாதம். மழை. அன்று அக்காவின் தகரப்பெட்டியையும் தூக்கிக்கொண்டு நிலையத்துக்கு ஓடி வந்தோம். வந்து சேர்வதற்குள் வண்டி புறப்பட்டுவிட்டது. கார்டு பெட்டியின் சிவப்பு விளக்கு சிறுத்துக்கொண்டே போனதைக் கண்டு நான் அழுதேன். இரவு முழுவதும் நிலையத்திலேயே தங்கினோம். அடுத்த நாள் அப்பாவும் நானும் மட்டும் ஊர் திரும்பினோம். அக்காவும் பெட்டியும் விடுதிக்கே திரும்பிச் சென்றுவிட்டார்கள். விடுமுறை முன்கூட்டி முடிந்துவிட்டது போலும் என்று அப்போது எண்ணிக்கொண்டேன். ஒன்பது வயதில் எதையும் விசாரிக்கத் தோன்றுவதில்லை.

"விடுமுறை இல்லை, தம்பி. அப்பா என்னைப் படிப்பை நிறுத்தி அழைத்துப்போக வந்திருந்தார்" என்றார்கள் அக்கா.

அவ்வாண்டு சம்பா வெள்ளத்தில் போயிற்று. விடுதிக்கு நாலு மாதப் பணம் கட்டவில்லை. எட்டாம் வகுப்பு வரை படித்தது ஒரு பெண்ணுக்குப் போதும் என்று உறவினர் பலரும் சொல்லியிருந்தனர். அப்பா விடுதித் தலைமைக் கன்னியரிடம் கையெடுத்துக் கும்பிட்டுச் சொல்லிக்கொண்டு வரவே பொழுதாகிவிட்டது. திரும்பும் சீட்டு இரண்டு ஏற்கெனவே வாங்கிவிட்டார். மூன்றாவது சீட்டுக்கான சில்லறையைத் துணியில் தனியே முடிந்து வைத்திருந்தார். பேருந்துக்குக் கொடுக்க வேறு காசு இல்லை. எனவே காலை வண்டி வரும் வரை காத்திருப்பதைத் தவிர வழியில்லை.

நிலைய அதிகாரி வயதானவர். மழையில் நனைந்து நின்றவர்களைக் கண்டு, உள் தாழ்வாரத்தில் வந்து இருக்கச் சொன்னாராம். அரிக்கேன் விளக்கு ஒன்றை ஆணியில் மாட்டிவிட்டுப் போனாராம். நான் உறங்கிவிட்டேன். அப்பாவுக்கு உறக்கம் வரவில்லை. சுவரில் கட்டணப் பலகை ஒன்று தொங்கிற்று. அத்தனை ஆண்டுகள் அந்நிலையத்துக்கு வந்துபோனவர். அதில் என்ன எழுதியிருக்கிறது என்று அவர் அறிந்ததில்லை.

"அதிலே என்னம்மா போட்டிருக்கு?" என்று கேட்டாராம்.

அக்கா விளக்கை எடுத்துப் பிடித்துக்கொண்டு படித்தார்கள். பொறையாறு, தில்லையாடி, திருக்கடையூர், ஆக்கூர் என்று ஒவ்வோர் ஊரும், அதற்கு எத்தனை மைல், எத்தனை பைசா என்பதும். தமிழில் படித்துவிட்டு, அப்பா கேட்கவே, ஆங்கிலத்திலும் படித்தார்கள். "நாம் மூணு பேரும் மாயூரம் போனால் எவ்வளவு ஆகும்?" என்றார் அப்பா. இரண்டு முழுச் சீட்டு, ஓர் அரைச் சீட்டு என்று அக்கா மனக்கணக்காகச் சொன்னார்கள். "கும்பகோணம் போனால்?" அதற்குப் பலகையில் விவரம் இல்லை என்றார்கள். அப்போது உள்ளே கணக்கு எழுதிக்கொண்டிருந்த நிலைய அதிகாரி, கும்பகோணத்துக்கு இன்ன கட்டணம் என்று சன்னல் வழியாகச் சொல்லி, "இப்போது கூட்டிச் சொல்லம்மா" என்றாராம். அக்கா சொன்னார்கள். அவர் பேனாவை மூடிவிட்டு வெளியே வந்தார்.

"ஏம்ப்பா, இந்தப் பெட்டி எதற்கு? பிள்ளையை எங்கே அழைத்துப் போகிறாய்?"

அப்பா சொன்னார். வெள்ளத்தையும் சொன்னார், கடனையும் சொன்னார். அதிகாரி அறிவுரை ஒன்றும் கூறவில்லையாம். சிறிது நேரம் மழையைப் பார்த்துக்கொண்டு நின்றுவிட்டு, "இந்த வண்டி நாளைக் காலையிலும் போகும், அடுத்த மாதமும் போகும். அவசரம் என்ன? யோசித்துக்கொள்" என்று மட்டும் சொல்லி உள்ளே போய்விட்டாராம்.

பொழுது விடிந்தது. வண்டி வந்து நின்றது. அப்பா துணி முடிச்சை அவிழ்த்து அந்தச் சில்லறையை எடுத்தார். சீட்டுக் கொடுக்கும் சன்னலுக்குப் போகவில்லை. அதை அக்கா கையில் வைத்து, "நோட்டு வாங்கிக்கொள்" என்று சொல்லி, பெட்டியைத் தாமே தலையில் தூக்கிக்கொண்டு விடுதியை நோக்கி நடந்தார். நாங்கள் அன்று மாலை வண்டியில் திரும்பினோம்.

இதைக் கேட்டதும் எனக்கு வேறொன்று நினைவுக்கு வந்தது. அவ்வாண்டு தை பிறக்குமுன் எங்கள் வண்டிமாட்டில் வலத்துக் காளையை அப்பா விற்றுவிட்டார். கொம்பில் பித்தளைப் பூண் போட்ட நல்ல மாடு. அதற்கு நான்தான் புல் போடுவேன். ஏன் விற்றீர்கள் என்று அழுதபோது, "அதற்கு வயதாகிவிட்டது" என்றார். அதற்கு வயதாகவில்லை என்பது எனக்கும் தெரியும். அக்காவிடம் மாட்டைப் பற்றிச் சொன்னேன். அவர்களுக்கு அது தெரியாது. எங்களுக்குப் பணம் எப்படி வந்தது என்பதை அப்பா விடுதிக்கும் சொல்லவில்லை, அக்காவுக்கும் சொல்லவில்லை. அறுபது ஆண்டுகளாக அவர்களிடம் பாதியும் என்னிடம் பாதியுமாகக் கிடந்த செய்தி, ஆடுகள் படுத்திருந்த அந்தத் தாழ்வாரத்தில்தான் ஒன்றாயிற்று. இருவரும் நெடுநேரம் பேசவில்லை.

இந்நிலையம் ஏன் மூடப்பட்டது என்ற கேள்விக்கு ஒரே சொல்லில் விடை கூறுவதுண்டு: நட்டம். அது பொய்யன்று. வருவாய் குறைந்த கிளைப்பாதைகளை ஆராய 1969-ஆம் ஆண்டிலேயே அரசு ஒரு குழுவை அமைத்தது. 1980களில் இரயில்வே சீர்திருத்தக் குழு அத்தகைய பாதைகளில் நாற்பதை மூடிவிடலாம் என்று பரிந்துரைத்தது. துறையின் கணக்கேட்டில் சீட்டு விற்ற பணம் ஏறும்; நிலக்கரி, கூலி, பழுதுபார்ப்பு ஆகியவற்றின் செலவு ஏறும். ஒரு பெண்பிள்ளை பலகையைப் படித்தது எந்தப் பத்தியில் ஏறும்? இப்படிக் கேட்பது எளிது. ஆனால் நேர்மையாகச் சொல்ல வேண்டுமானால், பழியைத் துறையின் மேல் மட்டும் சுமத்துவது முறையன்று. 1970களின் இறுதியில் நானே அவ்வழியில் எத்தனையோ முறை சென்றிருக்கிறேன், எல்லாம் பேருந்தில். அது விரைவாகப் போயிற்று; அடிக்கடி வந்தது; ஊருக்குள்ளேயே நின்றது. புகைவண்டி சாலையோரமாக ஏறக்குறைய வெறுமையாக ஓடிக்கொண்டிருந்ததைப் பேருந்தின் சன்னலிலிருந்து பார்த்துக் கையசைத்ததும் உண்டு. பாதை மூடப்பட்டபோது வருந்தியவர்கள் எல்லாரும் வாரத்துக்கு ஒருமுறை சீட்டு வாங்கியிருந்தால் அது மூடப்பட்டிருக்குமா என்பது எனக்கு இன்றும் விளங்காத கணக்கு.

ஆனால் ஒன்றை அன்று யாரும் எண்ணிப் பார்க்கவில்லை. சாலையை அகலப்படுத்த நிலம் வாங்கலாம், பேருந்தைப் பெருக்கலாம். வயல் நடுவே நேராக வெட்டிய பாதை ஒன்றைப் பிடுங்கி எடுத்துவிட்டால், அதை மறுபடி போடுவது எளிதன்று. ஆக்கிரமிப்பு நேரும், வாய்க்கால் திசை மாறும், அன்று ஆயிரத்தில் முடிந்த வேலை இன்று கோடியில் நிற்கும். பக்கத்தில் இதற்கு ஓர் உதாரணம் உண்டு. 1898-இல் திறந்த பேரளம்–காரைக்கால் பாதையும் 1980களில் மூடப்பட்டது. அங்கே மக்கள் விடாமல் கேட்டனர். காரைக்காலில் துறைமுகம் ஏற்பட்டது. கேட்பதற்கு வலு சேர்ந்தது. அகலப் பாதையாக அது முற்றிலும் புதிதாக அமைக்கப்பட்டு 2025-ஆம் ஆண்டு சோதனை ஓட்டமும் நடந்தது. நாகையிலிருந்து வேளாங்கண்ணிக்கும் 2010-இல் பாதை வந்தது. திருத்தலம் செல்வோர்க்கு அதன் பயன் பெரிது. தரங்கம்பாடி வழியாகவும் மீண்டும் வண்டி விட வேண்டும் என்று அப்பகுதி மக்கள் பல ஆண்டுகளாகக் கேட்டு வருகின்றனர். மயிலாடுதுறையிலிருந்து திருக்கடையூர், தரங்கம்பாடி வழியாகக் காரைக்காலை இணைத்துவிட்டால் கடற்கரையோரம் வேளாங்கண்ணி வரை ஒரே பாதையாகும். வரைபடத்தில் விரல் வைத்துப் பார்த்தால் அது மிகச் சிறிய இடைவெளி.

வெயில் சாய்ந்தது. அக்கா புறப்படுவதற்கு முன் கட்டணப் பலகை தொங்கிய சுவர் எது என்று தேடினார்கள். மூன்று சுவர்களில் எதுவாகவும் இருக்கலாம். ஒன்றில் ஆணி அடித்த துளை ஒன்று தெரிந்தது. அதுவாக இருக்கும் என்றேன். "அது வேறு ஆணியாகவும் இருக்கலாம்" என்றார்கள். கணக்கு ஆசிரியை அல்லவா, தெரியாததைத் தெரிந்ததாகச் சொல்ல மாட்டார்கள்.

திரும்பும் வழியில் தேநீர்க் கடை முதியவர் இன்னும் அங்கேயே இருந்தார். "வண்டி வந்ததா?" என்று கேட்டார். "கொஞ்சம் தாமதமாக வந்தது, ஐயா" என்றார்கள் அக்கா. அவர் எங்கள் இருவருக்கும் தேநீர் சொன்னார். காசு வாங்க விடவில்லை.

நிறுத்தத்தில் நின்றோம். தொலைவில் ஒரு பேருந்து வந்தது. முகப்புப் பலகை எனக்குத் தெளிவாகத் தெரியவில்லை. அக்கா கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு உரக்கப் படித்தார்கள்: "பொறையாறு, தில்லையாடி, திருக்கடையூர், ஆக்கூர் வழி." கை காட்டினோம், நின்றது. ஏறிக்கொண்டோம்.